தொட்டில் சுருதி

காலைச் சங்கு ஊதியபோது ஒச்சம்மா மகளுக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தாள். முந்தின நாள் வலது கை நடுவிரல் இரண்டு கல்லுக்கு நடுவில் மாட்டிச் சிதைந்துபோனதால் அவளுக்கு அன்றைக்கு வேலை இல்லை. வேலை இல்லாவிட்டால் என்ன, சங்குச் சத்தம் அடங்குவதற்குள் அவள் கழுத்து தோளுக்குள் இறங்கியது. இடுப்பு ஒரு பிடி கீழே போனது. மூச்சு ஒருமுறை நின்று வந்தது. அங்கே சரிவில் அவளுடைய கூலிக் கூட்டம், செட்டு முழுதும், முதல் கல்லைத் தூக்கிவிட்டது. செட்டில் சேர்ந்தவளுக்கு வீட்டில் கிடந்தாலும் சுமை உண்டு. காய்ச்சலிலும் உண்டு, பிள்ளை பெறும்போதும் உண்டு.

அது அவளுக்குப் புதிதல்ல. ஆனால் எதிரே மண் தரையில் வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருந்த மகள் தேனம்மா, அதே நொடியில் அதே மாதிரி கழுத்தை உள்ளே இழுத்தாள். கண் சொருகித் திரும்பியது. வாயிலிருந்த கஞ்சி மோவாயில் வழிந்தது.

கரண்டியோடு ஒச்சம்மாவின் கை அப்படியே நின்றுபோனது.

அன்றைக்குக் காலை முழுதும் அவள் வேறு வேலை பார்க்கவில்லை. மகளையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். மத்தியானச் சங்கு ஊதியது. சரிவில் கல்லை இறக்கினார்கள். ஒச்சம்மாவின் முதுகு நிமிர்ந்தது. தேனம்மா கொட்டகைக் கம்பத்தைப் பிடித்தாள், எழுந்தாள், நின்றாள். மூன்று வயதை எட்டப்போகிற பிள்ளை, அது நின்று இதுவரை யாரும் பார்த்ததில்லை. நின்றது மட்டுமில்லை, அம்மாவைப் பார்த்துச் சிரித்தது. சாப்பாட்டு நேரம் முடிந்து மறுபடி சங்கு ஊதியதும் கொடியிலிருந்து துணி நழுவுகிற மாதிரி கால் மடங்கிக் கீழே உட்கார்ந்துவிட்டது.

வேலை நேரத்தில் பெரியவர்கள் எல்லாரும் சரிவில் இருப்பார்கள். உடம்புக்கு முடியாமல் வீட்டில் கிடப்பவர்கள் குப்புறப் படுத்துக் கண்ணை மூடிக்கொள்வார்கள். பிள்ளையை எதிரே உட்கார வைத்துச் சங்கு நேரத்தில் முகத்தைப் பார்க்க யாருக்கு வாய்த்தது? மத்தியானச் சோறு சரிவிலேயே முடிந்துவிடும்; சாயங்காலம் வந்தால் அலுத்துக் கிடக்கும் பிள்ளையைத் தூங்க வைப்பதோடு சரி. கல்லேற்றம் என்ற அந்தக் குடியிருப்பில் பிள்ளைகள் தாமதமாகத்தான் நடக்கும், உப்புத் தண்ணி, உப்புக் காத்து, அப்படித்தான் என்று எல்லாரும் நம்பியிருந்தார்கள். கம்பெனி டாக்டர் சுண்ணாம்புச்சத்து மாத்திரை கொடுத்தார்.

அந்த உலகத்தில் உயிருள்ள எல்லாவற்றுக்கும் ஒரு சுருதி உண்டு. இரட்டைப் பிள்ளைகளில் ஒன்று தடுக்கி விழுந்தால் மற்றதற்கு முழங்கால் காந்தும். ஒரே நுகத்தில் பழகிய மாடுகளில் ஒன்றைப் பாரவண்டியில் பூட்டினால், கொட்டிலில் நிற்கிற மற்றது நுரை தள்ளும். காலங்காலமாக எல்லாரும் அறிந்த விஷயம்தான். ஆரூரன் என்கிற விஞ்ஞானி அதற்குக் கணக்கு எழுதினான். ஒரே சுருதியில் அதிர்கிற உயிர்கள் எத்தனை இருந்தாலும் பாரத்துக்கு அவை ஒரே உடம்பு; ஒன்றின் மேல் விழுவது எல்லாவற்றின் மேலும் சமமாக விழும் என்றான். ஆரூரன் விதி என்று அதற்குப் பெயர். இனி உழைப்பில் வலி என்பதே இருக்காது என்று பேசினார்கள், எழுதினார்கள். அவனுக்குச் சிலை வைத்தார்கள். அந்தச் சிலைக்குக் கல் சுமந்ததும் ஒரு செட்டுதான்.

இரண்டு நிலவும் சேர்ந்து இழுக்கிற கடல் அது. அலை வந்தால் பனை உயரம் வரும். அதைத் தடுக்கச் சுவர் கட்டுகிற கம்பெனி, கூலிக்கு வருகிறவர்களை வெண்கல அண்டாவுக்குள் உட்கார வைத்து, வெளியிலிருந்து தட்டித் தட்டி, நூற்றுக்கணக்கான பேருக்கு ஒரே சுருதியை ஏற்றியது. யந்திரம் வாங்குவதைவிட இது மலிவு. அண்டாவிலிருந்து எழுந்து வந்தவன் தனியாக எந்தக் கல்லையும் சுமப்பதில்லை. எந்தக் கல்லிலிருந்தும் தப்புவதும் இல்லை. கடல் தாண்டி ஓடிப்போனாலும் சங்கு ஊதும் நேரத்துக்குக் கழுத்து இறங்கும். இன்னொன்றும் நடந்தது. சுருதி ஏறிய தொண்டையில் வேறு பாட்டு நிற்காது. தாலாட்டப் போனாலும் ஒப்பாரி வைத்தாலும் அந்த ஒரே 'ம்' தான் வரும்.

அதனால் அவர்கள் அதையே பாட்டாக்கிக்கொண்டார்கள். செட்டில் பிள்ளை பிறந்து தீட்டுக் கழிந்ததும் 'சேர்ப்பு' நடக்கும். செட்டு மொத்தமும் தொட்டிலைச் சுற்றி நின்று, தொட்டில் சேலை நடுங்கும்வரை அந்தச் சுருதியை முனகும். அதற்குப் பிறகு அது எல்லாருக்கும் பிள்ளை. யார் வீட்டில் பசித்து அழுதாலும் சோறு உண்டு. ஒவ்வொரு சேர்ப்புக்கும் கம்பெனியிலிருந்து ஒரு சேலையும் ஒரு டின் பால்மாவும் வரும். மேஸ்திரி சூசை தலைப்பாகை கட்டிக்கொண்டு தானே கொண்டுவந்து கொடுப்பார். என்ன மரியாதை என்று சனங்கள் பூரித்துப்போவார்கள்.

சாயங்காலம் புருஷன் மொக்கச்சாமி வந்ததும் ஒச்சம்மா சொன்னாள். அவன் காலைக் கழுவிக்கொண்டே கேட்டான்.

"ஒருநாள் வேலைக்குப் போகாம உக்காந்ததுக்கே ஒனக்கு இப்படித் தோணுதே, ஒரு வாரம் உக்காந்தா சாமி வந்து ஆடுவியாக்கும்."

"நாளைக்கு மத்தியானம் சோத்துக்கு வீட்டுக்கு வாங்க. சங்கு ஊதுன பெறகு கொஞ்ச நேரம் நின்னு பாத்துட்டுப் போங்க. பாத்துட்டு என்னை எப்படி வேணாலும் வையுங்க."

மறுநாள் அவன் நின்று பார்த்தான். சங்கு ஊதியது. அவன் கழுத்தும் அவள் கழுத்தும் பிள்ளையின் கழுத்தும் ஒன்றாக இறங்கின. மொக்கச்சாமி வெளியே போய்ப் பீடியைப் பற்ற வைக்கப் பார்த்தான். மூன்று குச்சியும் அணைந்தன. பீடியைக் கீழே போட்டு மிதித்துவிட்டு, "அந்த சுருதியம்மாவப் போயிக் கேளு," என்றான்.

சுருதியம்மா என்று சனங்கள் சொல்வது விசாலாட்சியை. செட்டின் சுருதி கலையாமல் இருக்கிறதா என்று மாதாமாதம் ஒவ்வொருவர் முழங்கையிலும் இசைக்கவை வைத்துப் பார்க்கிற அதிகாரி. ஆரூரன் விதியில் பெரிய படிப்புப் படித்தவள். ஒச்சம்மா பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு போய் நின்றபோது அவள் டீ குடித்துக்கொண்டிருந்தாள். ஒச்சம்மா சொல்லி முடிக்கும்வரை கிளாஸைக் கீழே வைக்கவில்லை.

"ஆமாம்மா," என்றாள். "பிள்ளைங்களும் தூக்குறாங்க."

"ஒங்களுக்குத் தெரியுமா?"

"உங்க செட்டுல நடந்த முதல் சேர்ப்பு அன்னைக்கே தெரியும். சுமைமானியில ஆள் எண்ணிக்கை ஒண்ணு கூடுதலாக் காட்டுச்சு. மானி கெட்டுப்போச்சுன்னு நெனச்சு மாத்திப் பாத்தேன். புது மானியும் அதையேதான் சொல்லுச்சு. பெரியவங்களுக்கு அண்டா வேணும். பிள்ளைங்களுக்கு எலும்பு முத்தல இல்லையா, காதுல மூணு நாள் முனகினாப் போதும், பிடிச்சிக்கும்."

"அண்டாவுல ஒக்கார வச்சப்ப எங்ககிட்டச் சொல்லியிருக்கலாம்ல? புள்ளைங்ககிட்டப் பாடாதீங்கன்னு ஒரு வார்த்தை."

"அப்ப இது யாருக்கும் தோணலம்மா. ஆரூரன் எழுதினதுல குழந்தைங்களப் பத்தி ஒரு வரி கிடையாது. அவருக்குக் குழந்தை இல்ல." விசாலாட்சி இப்போதுதான் கிளாஸைக் கீழே வைத்தாள். "தெரிஞ்ச பெறகு மேலிடத்துக்குச் சொன்னேன். தொழிலாளர்களோட குடும்ப வழக்கத்துல நாம தலையிடக் கூடாதுன்னு பதில் வந்துச்சு. சேலையும் பால்மாவும் குடுக்கிறது அதுக்கப்புறம்தான் ஆரம்பிச்சுது."

ஒச்சம்மாவுக்குக் கை பரபரத்தது. அடிக்கலாம்தான். அடித்தால் இந்த அம்மாவுக்கு வலிக்கும், பிள்ளைக்குக் கால் வருமா?

"எறங்குமா இது? எம் புள்ளைக்கு?"

"இறங்கும். ரெண்டு மூணு வாரம் அந்தச் சுருதி காதுல விழாம இருந்தாத் தானாக் கலைஞ்சிடும். ஆனா ஒரு பிள்ளைய மட்டும் எடுத்தா அவ பங்கு மத்தப் பிள்ளைங்க மேலயும் ஏறும். அது கணக்கு. நான் ஒண்ணும் செய்ய முடியாது."

"நீங்க எதுலதான் ஒண்ணு செஞ்சீக?" என்று கேட்டுவிட்டு ஒச்சம்மா வந்துவிட்டாள்.

பெருநீர் நாளன்று கடல் சரிவின் பாதிவரை ஏறிவிடும், வேலை கிடையாது. அன்றைக்குக் குழாயடியில் செட்டைக் கூட்டினார்கள். பிள்ளைகளையும் தூக்கி வரச் சொல்லியிருந்தாள் ஒச்சம்மா. சுமை இல்லாத நாள். இடுப்பிலிருந்து இறக்கி விட்டதும் பிள்ளைகள் ஒவ்வொன்றாகத் தாய் சேலையைப் பிடித்து எழுந்தன. சேலை கட்டாத பெண்ணின் பாவாடையை, ஆம்பளையின் கால் மயிரை, எது கிடைத்ததோ அதைப் பிடித்து நின்றன. பெருநீர் நாளில் எல்லாரும் தூங்கித் தீர்ப்பதுதான் வழக்கம். பிள்ளைகளை மடியில் போட்டு முனகித் தூங்க வைத்துவிட்டுத்தான் தூங்குவார்கள். அதனால் இதையும் யாரும் பார்த்ததில்லை.

நாலு பிள்ளை பெற்ற இருளாயி மாரில் அடித்துக்கொண்டாள். "நாலையும் நானே பாடிப் பாடித்தான தூங்க வச்சேன். எம் வாயில மண்ணு விழ."

"சரி மதினி, அழுதா ஆச்சா? இனிமே யாரும் பாடக் கூடாது. சேர்ப்பும் கூடாது. அம்புட்டுத்தான்," என்றாள் ஒச்சம்மா.

சடையன் கையைத் தூக்கினான். செட்டில் எதையும் கேலியாகப் பேசுகிறவன் அவன், கல்யாணம் ஆகாதவன். அன்றைக்குக் கேலி இல்லை. "ஏத்தா, ஒரு சந்தேகம். இதுங்க இல்லாம நம்மளால அந்தக் கல்லத் தூக்க முடியுமா?"

"வந்த புதுசுல தூக்கல? அப்பப் புள்ள ஏது குட்டி ஏது?"

"அப்பக் கல்லு இம்புட்டுப் பெருசு இல்லியே."

ஒவ்வொரு வருஷமும் கல் கொஞ்சம் பெரிதாகி வந்தது எல்லாருக்கும் தெரியும். தங்களுக்குத் தெம்பு கூடிவிட்டது என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டார்கள். ஊரிலிருந்து வந்த புதிதில் தூக்கியதைவிட இரண்டு மடங்கு தூக்குகிறோம் என்று சாராயக் கடையில் தொடை தட்டியவர்களும் இருந்தார்கள்.

முதலில் இருளாயிதான் தன் பிள்ளைகள் தலையில் அடித்துச் சத்தியம் செய்தாள். பிறகு எல்லாரும் செய்தார்கள்.

மேஸ்திரி சூசையிடம் போய்க் கல்லின் அளவைக் குறைக்கச் சொல்லிக் கேட்டதற்கு அவர் சிரித்தார். "அலை வந்து நம்ம சவுகரியம் கேட்டுக்கிட்டா அடிக்குது? சின்னக் கல்லு நிக்குமாய்யா? உக்கார்றதுன்னா தாராளமா உக்காருங்க. உப்பங்கழிக்கு அந்தப் பக்கம் கப்பல்ல எறக்குன சனம் தகரக் கொட்டகையில கெடக்கு. நாளைக்கே அண்டாவுல ஏத்திருவேன். நீங்க இந்தச் சுருதிய வச்சிக்கிட்டு வேற எங்க போயி வேலை பாப்பீகன்னு யோசிச்சுக்கிடுங்க."

சத்தியத்தைக் காப்பாற்றுவது லேசாக இல்லை. பாட்டுக் கேட்டே பழகின பிள்ளைகள் தூங்க மாட்டேன் என்று கத்தின. தேனம்மா ஒச்சம்மாவின் உதட்டை விரலால் இழுத்து, "ம் சொல்லு, ம் சொல்லு," என்று அழுதாள். ஒச்சம்மா வாயில் முந்தானையைத் திணித்துக்கொண்டு தொட்டிலை ஆட்டினாள். கொட்டகைக்குக் கொட்டகை அதே கதை. தகர டப்பாவில் கூழாங்கல்லைப் போட்டுக் கிலுக்கினார்கள். தூக்கத்தில் வாய் முனகிவிடக் கூடாது என்று சிலர் தலையில் துணியைக் கட்டித் தாடையை இறுக்கிக்கொண்டு படுத்தார்கள், பிணத்துக்குக் கட்டுவதைப் போல.

பிள்ளைகளுக்குச் சுருதி கலையக் கலையச் சரிவில் கல் கனத்தது. காலையில் எழுந்தால் நேற்றைவிட இன்று கூடுதல் என்று தோள் சொல்லிவிடும். இரண்டாவது வாரம் நடையில் இடைவெளி விழுந்தது. மூச்சு வாங்க நின்றவன் முதுகில் பின்னால் வருகிறவன் மோதினான். மூக்கில் ரத்தம் வந்தது. ஆனால் சாயங்காலம் வீட்டுக்கு வந்தால் வாசலில் பிள்ளை நின்றது. பிறகு நடந்தது. ஒருநாள் தேனம்மா சந்து முழுக்க ஓடி ஒரு கோழியைத் துரத்திப் பிடித்து, அதன் இறக்கை முகத்தில் அடித்ததும் பயந்து விட்டுவிட்டாள். ஒச்சம்மா வாசலில் உட்கார்ந்து அதைப் பார்த்தாள். எழுந்து போய்த் தூக்கிக்கொள்ள இடுப்பில் தெம்பு இல்லை. உட்கார்ந்தபடியே சிரித்தாள்.

மூன்றாவது வாரம் சடையன் விழுந்தான். மேல் திருப்பத்தில் கால் நழுவி, கல் அவன் இடுப்பின் மேல் உட்கார்ந்தது. ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப் போனார்கள். மறுநாள் முற்பகலில் சரிவில் நடந்துகொண்டிருந்த எல்லாருடைய தோளும் ஒருசேர இன்னும் கொஞ்சம் இறங்கியது. நடை நின்றது. யாரும் எதுவும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அவன் பங்கு அவர்கள் மேல் ஏறிவிட்டது. ஆஸ்பத்திரியிலிருந்து ஆள் வந்து சொன்னது அதற்குப் பிறகுதான்.

"நடங்கப்பா," என்றார் சூசை. அவர் குரலும் அன்றைக்கு இறங்கித்தான் இருந்தது.

சடையனை அடக்கம் செய்துவிட்டு வந்தபோது இருளாயி சொன்னாள்: "அடுத்தது யாரோ, ஒச்சு. எம் மாமனுக்கு நெஞ்சு கட்டையா அடைக்குதாம். அவுக போயிட்டா நாலையும் வச்சிக்கிட்டு நான் என்ன பண்ணுவேன்?"

"என்ன மதினி செய்யச் சொல்றீக? திரும்பப் பாடச் சொல்றீகளா?"

"யாரு சொன்னா அப்படி? சத்தியம் பண்ணியிருக்கேன்ல. எம் புள்ளைக காதுல இனி அது விழாது."

அந்த வாரத்தில்தான் இருளாயியும் இன்னும் இரண்டு பொம்பளைகளும் சாயங்காலங்களில் கழியைத் தாண்டிப் போக ஆரம்பித்தார்கள். புதிதாக வந்த சனம் தண்ணீர் வற்றும் நேரமெல்லாம் சேறு அள்ளப் போய்விடுகிறது, பிள்ளைகள் கவனிக்க ஆளில்லாமல் கிடக்கின்றன, பாவம் என்றார்கள். மிச்சமிருந்த பால்மா டின்களைக் கொண்டுபோனார்கள். ஒச்சம்மாவிடமும் கேட்டார்கள். நல்ல காரியம்தானே என்று அவளும் கொடுத்தாள். இவ்வளவு அலுப்பிலும் இந்த மதினிக்கு அடுத்தவர் பிள்ளைமேல் அக்கறை இருக்கிறதே என்று மொக்கச்சாமியிடம் மெச்சிக்கூடப் பேசினாள்.

சில நாள் கழித்து ஒரு காலை. சங்கு ஊதியது. கல்லைத் தூக்கினார்கள். தூக்கிய கை எதிர்பார்த்ததைவிட உயரப் போனது. ஒச்சம்மா ஒரு அடி தடுமாறி நின்றாள். முன்னால் போகிறவர்கள் நிற்கவில்லை. நடை சீராக இருந்தது. பல நாளாக வாய் திறக்காமல் ஏறிய சரிவில் யாரோ மீன் விலையைப் பற்றிப் பேசினார்கள். அவள் மொக்கச்சாமியைப் பார்த்தாள். அவன் கால் வைக்கிற இடத்தைப் பார்த்துக்கொண்டு நடந்தான். இருளாயியைப் பார்த்தாள். இருளாயி சும்மாட்டைச் சரிசெய்துகொண்டாள்.

விரலில் ரத்தம் வருகிறது என்று சூசையிடம் சொல்லிவிட்டுக் கல்லை இறக்கிவைத்துக் கொட்டகைகளுக்கு ஓடினாள். யாரோ சத்தியத்தை மீறிவிட்டார்கள். எந்த வீட்டில் பிள்ளை உட்கார்ந்துவிட்டதோ அந்த வீட்டுக்காரியை முடியைப் பிடித்து இழுத்து வருவது என்று போனாள்.

முதல் சந்தில் பிள்ளைகள் ஓடிக்கொண்டிருந்தன. இரண்டாவது சந்திலும் ஓடின. இருளாயியின் நாலும் கூரைக் கம்பில் தொங்கின. தன் கொட்டகைக்குப் போனாள். தேனம்மா இரண்டு காலாலும் குதித்துக் குதித்துச் சேற்றை மிதித்துக்கொண்டிருந்தாள். எல்லாப் பிள்ளையும் நின்றது, ஓடியது, விழுந்து எழுந்தது. ஒன்றுகூட உட்காரவில்லை.

அப்படியானால் கல் லேசானது எப்படி? ஒச்சம்மா கழியின் மேல் போட்டிருந்த பலகையைப் பார்த்தாள், அதைத் தாண்டி நடந்தாள்.

தகரக் கொட்டகை வாசலில் ஒரு இளவயசுக்காரி சேற்றுக் கூடையைக் கழுவிக்கொண்டிருந்தாள். தண்ணீர் ஏறிவிட்டதால் வேலை விட்டிருந்தார்கள். இவள் தோளில் கல் தழும்பைப் பார்த்ததுமே எழுந்துகொண்டாள்.

"வாங்கக்கா. நீங்க சரிவு செட்டுதான? நேத்து அந்தப் பெரியக்காகிட்டக்கூடச் சொன்னேன், இம்புட்டு நல்ல சனத்த நாங்க எங்கயும் பாத்ததில்ல. நாங்க அள்ளப் போயிட்டாலும் ஒரு நாளு தவறாம வந்து பாலக் கரைச்சுக் குடுத்து, பாடித் தூங்க வச்சிட்டுல்ல போறாக. சொந்தத்துல யாரு செய்வா?"

உள்ளே நிழலில் பிள்ளைகள் வரிசையாக உட்கார்ந்திருந்தன. பத்துப் பன்னிரண்டு இருக்கும். ஒன்றும் விளையாடவில்லை.

"இதுதான் எம் பையன்," என்று அவள் ஒன்றைத் தூக்கிக் கொண்டுவந்தாள். நல்ல தாட்டியான பிள்ளை. "கப்பல்ல வரும்போது ஒரு எடத்துல நிக்க மாட்டான். கடல்ல விழுந்துருவானோன்னு இடுப்புல கயித்தக் கட்டி வச்சிருந்தேன். இப்பப் பாருங்க, வச்ச எடத்துல சமத்தா இருக்கான். ஒங்க பாட்டுக்கு என்ன மந்திரமோ."

ஒச்சம்மா பிள்ளையின் பிடரியில் கையை வைத்தாள். சரிவில் அவர்கள் ஏறுவது அந்தக் கழுத்தில் தெரிந்தது.

சொல்ல ஒரு வார்த்தை போதும். சொன்னால் இந்தப் பெண் இன்றைக்கே பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடிவிடுவாள், மற்றவர்களும் ஓடுவார்கள். நாளைக் காலையில் கல் கனக்கும். அடுத்த வாரம் இன்னொருவன் விழுவான். அவன் மொக்கச்சாமியாக இருக்கலாம். அதற்கடுத்த வாரம் யாராவது ஒருத்தி தாங்க மாட்டாமல் தன் பிள்ளைக்கே பாடுவாள். பிறகு எல்லாரும் பாடுவார்கள். கழிக்கு அந்தப் பக்கத்திலிருந்து தேனம்மாவின் கூச்சல் கேட்டது. யாரோடோ சண்டை போட்டுக்கொண்டு ஓடுகிறாள்.

"எங்களையும் சரிவு வேலைக்கு எடுப்பாகளாக்கா? ஒங்க செட்டோடவே சேத்துக்கிட்டா நல்லாருக்கும்."

ஒச்சம்மா கையை எடுத்துக்கொண்டாள்.

"பையனுக்கு என்ன பேரு வச்சிருக்க?"

"தவசி. எங்க மாமனாரு பேரு."

"நல்ல பேரு," என்றாள் ஒச்சம்மா. பலகையைத் தாண்டிச் சரிவுக்குப் போய், இறக்கிவைத்திருந்த கல்லைத் தூக்கிக்கொண்டாள்.